ரயிலில் எழுதியவர்

அன்புள்ள ஆசிரியருக்கு,

‘ராஷோமோன்’ என்ற ஜப்பானியப் படம் பற்றிய உங்கள் கட்டுரை படித்தேன். அதில் திரைக்கதை எழுதிய ஷினோபு ஹாஷிமோட்டோவை ஒரே வரியில் கடந்துவிட்டீர்கள். எனக்கு 31 வயது. கம்பெனி வேலை. இரவில் திரைக்கதை எழுதுகிறேன். சினிமாவில் யாரையும் தெரியாது. அவர் எப்படி உள்ளே வந்தார்?

ம.

அன்புள்ள ம.,

ஒரு வரி போதாதுதான். அவரும் கம்பெனி ஊழியராக இருந்தவர்.

1918இல் ஹியோகோ மாகாணத்தில் பிறந்தார். ராணுவத்தில் சேர்ந்த கையோடு காசநோய். ஒகயாமாவில் ராணுவத்தினருக்கான காசநோய் மருத்துவமனையில் நான்கு வருடம். பக்கத்துப் படுக்கைக்காரர் கொடுத்த சினிமாப் பத்திரிகையில் ஒரு திரைக்கதை இருந்தது. படித்துவிட்டு, இவ்வளவுதானா, இதை நானே எழுதுவேனே என்றிருக்கிறார். ஜப்பானிலேயே சிறந்த திரைக்கதையாசிரியர் யார் என்றும் கேட்டார். மன்சாகு இத்தாமி என்று பதில் வந்தது. எழுதி அவருக்கே அனுப்பினார். இத்தாமி படித்தார், பதிலும் போட்டார்!

அப்புறம் ஹிமேஜியில் வேலை. போகவர ரயிலில் உட்கார்ந்து எழுதுவார், இத்தாமிக்கு அனுப்புவார், அவர் குறைகளைச் சொல்வார். இத்தாமி 1946இல் இறந்துவிட்டார். பிறகு எழுத்தாளர் அகுதாகவாவின் ஒரு சிறுகதையை வைத்து ஹாஷிமோட்டோ எழுதிய பிரதி இயக்குநர் குரோசவா கைக்குப் போனது. நீளம் போதவில்லை என்றார் குரோசவா. அதே எழுத்தாளரின் ‘ராஷோமோன்’ கதையையும் சேர்க்கலாமே என்றார் ஹாஷிமோட்டோ. 1950இல் படம் வந்தது. அடுத்த வருடம் வெனிஸ் திரைப்பட விழாவில் தங்கச் சிங்கம் விருது.

நீங்கள் உள்ளே நுழையும் வழியைக் கேட்கிறீர்கள். எனக்கு இத்தாமியின் கடிதங்கள்தான் முக்கியமாகப் படுகின்றன. ஒருவர் தயவுதாட்சண்யம் இல்லாமல் படித்துச் சொல்வது ஹாஷிமோட்டோவுக்கு எப்போதும் தேவைப்பட்டது. குரோசவாவின் ‘ஏழு சாமுராய்’ படத்துக்கு எழுதும்போது அந்த இடத்தில் திரைக்கதையாசிரியர் ஹிடியோ ஒகுனி இருந்தார். அதாமியில் ஒரு விடுதி அறை. குரோசவாவும் ஹாஷிமோட்டோவும் எழுதுவார்கள். ஒகுனி படிப்பார். அவர் சரி என்றால்தான் பக்கம் நிற்கும்.

அதற்கு முன்பு ஒரு சாமுராயின், அதாவது ஜப்பானியப் போர்வீரரின், ஒரே நாளைச் சொல்லும் கதையைத்தான் படமாக்க நினைத்தார்கள். அந்தக் காலத்து சாமுராய்கள் கோட்டையில் மதியம் சாப்பிட்டார்களா, இரண்டு வேளைதான் சாப்பாடா என்று உறுதியாகத் தெரியவில்லை. சாப்பாட்டுக் காட்சி இல்லாமல் கதை நிற்காது. ஹாஷிமோட்டோ அந்தத் திட்டத்தையே கைவிட்டார். குரோசவாவுக்குக் கடும் கோபம். அதைத் தூக்கிப்போட ஹாஷிமோட்டோவுக்கு மனம் இருந்தது பாருங்கள், அதை நினைத்தால் இன்றும் எனக்குச் சிலிர்க்கிறது.

தனியாகவும் நன்றாக எழுதினார். 1962இல் வந்த ‘ஹரகிரி’ எனக்கு மிகவும் பிடித்தது. ஆனால் 1982இல் தானே எழுதித் தயாரித்து இயக்கிய படம் தியேட்டரில் நிற்கவில்லை. அப்போது பக்கத்தில் ஓர் ஒகுனி இல்லாமல் போனார் என்றே நினைக்கிறேன்.

உங்கள் பிரதியை அப்படிப் படித்துச் சொல்ல யாராவது இருக்கிறார்களா? எழுதுங்கள்.