கை குலுக்க வெச்சா முடிஞ்சுதா?

சார், வணக்கம். என் பையன் எட்டாவது படிக்கிறான், கொஞ்சம் திக்குவாய். நாலு பசங்க அவன மாதிரியே பேசிக்காட்றது, டிபன் பாக்ஸ ஒளிச்சு வெக்கிறதுன்னு ஆறு மாசமா பண்ணிருக்காங்க. ஸ்கூல்ல சொன்னதுக்கு எல்லாரையும் கூப்பிட்டு கை குலுக்க வெச்சுட்டு, இவன பி செக்சனுக்கு மாத்திட்டாங்க. இப்ப தினம் காலைல வயிறு வலிக்குதுங்கறான். அந்தப் பசங்களுக்கு டிசி குடுக்கச் சொல்லி சண்டை போடலாமா?
ஒரு அம்மா, திருச்சி

வணக்கம்ங்க. சண்டை போடுங்க, ஆனா டிசிக்காக வேண்டாம். டிசி வாங்கிட்டுப் போறவன் அடுத்த ஸ்கூல்ல வேற ஒருத்தனப் பிடிச்சுப்பான், அவ்ளோதான். எனக்கு கோவம் வர்றது அந்த செக்சன் மாத்துனதுலதான். வம்பு பண்ணவன் அதே பெஞ்ச்ல ஜம்முனு உக்காந்திருக்கான், அடி வாங்குனவன் பையத் தூக்கிட்டு வெளிய போறான்னா பாத்துட்டு இருக்க மத்த பசங்க என்ன கத்துப்பாங்க?

புகார் குடுத்தவனுக்கு அன்னைக்கு சாயந்திரம் என்ன ஆகும்னு நெறய ஸ்கூல்ல யோசிக்கறதே இல்ல. 2023 ஆகஸ்ட்ல நாங்குநேரில கூடப் படிக்கறவங்க சாதியச் சொல்லிப் பண்ண தொல்லை தாங்காம ஸ்கூலுக்கே போகாம இருந்த பன்னெண்டாவது பையன், டீச்சருங்க கேட்டாங்கன்னு நடந்ததச் சொன்னான், ராத்திரி வீட்டுக்கே அருவாளோட வந்து அவனையும் தடுக்கப்போன தங்கச்சியையும் வெட்டினாங்க. அப்புறம் நீதிபதி சந்துரு தலைமைல கமிட்டி போட்டு 2024 ஜூன்ல அறிக்கையும் வந்துச்சு. 500 பேருக்கு மேல படிக்கற ஸ்கூல்ல ஒரு வெல்ஃபேர் ஆபீசர் போடணும்னுலாம் அதுல இருக்கு, ஆனா டிவில பூராவும், சாதியக் காட்ட பசங்க கைல கட்டற கலர் கயிறுக்கு அதுல தடை கேட்டதப் பத்தித்தான் பேச்சு.

எங்க ஏழாவது கிளாஸ்லயும் ஒரு திக்குவாய்ப் பையன் இருந்தான். அட்டெண்டன்ஸ்ல "உள்ளேன் ஐயா" சொல்றப்ப அந்த "உ"லயே நின்னுடுவான், கிளாஸே அதுக்குத்தான் காத்துட்டிருக்கும், நானும் சிரிச்சவன்தான். புதுசா வந்த கணக்கு வாத்தியார் ரெண்டு நாள் பாத்தாரு, மூணாவது நாள்லேந்து எல்லாரும் கையத் தூக்குனா போதும்னுட்டாரு. எல்லாரும்னாரு பாருங்க, அவன மட்டும் இல்ல.

நீங்க எழுத்துல குடுத்து காப்பில சீல் வாங்கிக்கோங்க. அந்த நாலு பேர ஆளுக்கொரு செக்சனா பிரிக்கச் சொல்லுங்க, லஞ்ச்லயும் ஸ்கூல் விடறப்பவும் எந்த டீச்சர் நிப்பாங்கன்னு கேளுங்க. மழுப்புனா பள்ளிக் கல்வித் துறையோட உதவி எண் 14417க்கு போன் போடுங்க, இல்ல குழந்தைகளுக்கான உதவி எண் 1098. அதுக்கெல்லாம் முன்னாடி பையன்கிட்ட எந்த செக்சன் வேணும்னு கேளுங்க, இதுவரைக்கும் யாரும் கேக்கலன்னு உங்க கடிதத்துலயே தெரியுது.