ஒன் டு ஒன்

கேள்வி: 1914ல் வான்கூவர் போன கோமகதா மாரு கப்பலை கனடா திருப்பி அனுப்பியதே, இந்தியர்கள் வரக் கூடாது என்று நேரடியாகவே சட்டம் போட்டிருந்தார்களா? (ஒரு வாசகர், விருதுநகர்)

பதில்: 'நேரடியாக' என்று கேட்டீர்கள் பாருங்கள், வழக்கே அந்தச் சொல்லில்தான் இருக்கிறது.

முதலில் என் சோகம். போன மாதம் திருச்சியில் 'ஒன் டு ஒன், மதுரை' என்று கூவிய பஸ்ஸில் ஏறினேன். விராலிமலையில் நின்றது. துவரங்குறிச்சியில் நின்றது. அப்புறம் ஒரு மோட்டல் வாசலில் இருபது நிமிடம். கழுநீர் டீ, முப்பது ரூபாய். (மோட்டல் டீயைப் பற்றி இனி எழுதாதீர்கள் என்று துணையாசிரியர் கெஞ்சியிருப்பதால் இத்தோடு விடுகிறேன். பாத்ரூமைப் பற்றி அவர் எதுவும் சொல்லவில்லை. அது அடுத்த இதழில்.) கண்டக்டரைக் கேட்டேன். "டிக்கெட் ஒன் டு ஒன்தான் சார், பஸ்தான் நிக்குது" என்றார்.

அந்த மகானை 1908ல் கனடா குடியேற்றத் துறையில் உட்கார வைத்திருக்க வேண்டும். அவர்கள் போட்ட விதியில் 'இந்தியர்' என்ற சொல்லே கிடையாது. சொந்த நாட்டில் வாங்கிய டிக்கெட்டில், வழியில் இறங்கி ஏறாமல் ஒரே பயணமாக வர வேண்டும், அவ்வளவுதான். கல்கத்தாவிலிருந்து அப்படி டிக்கெட் கொடுத்துவந்த கம்பெனியைக் கூப்பிட்டு, கொடுக்காதே என்றும் சொல்லிவிட்டார்கள். போதாததற்கு ஆசியர் என்றால் கையில் 200 டாலர் காட்ட வேண்டும்.

குர்தித் சிங் என்ற சீக்கிய வியாபாரி கோமகதா மாரு என்ற ஜப்பானியக் கப்பலையே வாடகைக்குப் பிடித்தார். ஹாங்காங்கில் புறப்பட்டு ஷாங்காய், மோஜி, யோகோஹாமா (இவர்களுடைய விராலிமலை, துவரங்குறிச்சி) என்று ஆளேற்றி, மே 23 அன்று 376 பேருடன் வான்கூவர் சேர்ந்தார். பெரும்பாலும் சீக்கியர்கள். எல்லோரும் பிரிட்டிஷ் பிரஜைகள். கனடாவுக்கும் அதே மன்னர்தான். ஏற்கெனவே அங்கே குடியிருந்த இருபது சொச்சம் பேரைத்தான் இறங்க விட்டார்கள். மற்றவர்கள் இரண்டு மாதம் கரையைப் பார்த்துக்கொண்டே கிடந்தார்கள். கப்பலில் ஏற வந்த போலீசாரை நிலக்கரிக் கட்டியால் அடித்து விரட்டினார்கள். அப்புறம் 'ரெயின்போ' என்ற போர்க்கப்பல் வந்தது. பெயரைப் பாருங்கள், வானவில்! ஜூலை 23 அன்று கோமகதா மாருவைக் கடலுக்குள் தள்ளிவிட்டு வந்தது.

2016ல் அன்றைய கனடா பிரதமர் ட்ரூடோ நாடாளுமன்றத்தில் மன்னிப்புக் கேட்டார். சரி, இருக்கட்டும்.

செப்டம்பர் கடைசியில் கப்பல் கல்கத்தா அருகே பஜ்பஜ் வந்தது. வெள்ளை அரசாங்கம் அங்கே ஒரு ஸ்பெஷல் ரயிலைத் தயாராக நிறுத்தியிருந்தது. பஞ்சாபுக்கு, நேரடியாக. பெரும்பாலானோர் ஏற மாட்டோம் என்று கல்கத்தாவை நோக்கி நடந்தார்கள். வழிமறித்துத் திருப்பிக் கொண்டுவந்து, ஸ்டேஷன் அருகிலேயே சுட்டார்கள். சுமார் 20 பயணிகள் செத்தார்கள்.