துப்பறியும் படப் புதிர் புக்: பெரியவன் விடைய பாத்துட்டான், சின்னவ அழுறா, இப்ப என்ன பண்றது?

ஒரு அம்மா கேட்ட கேள்வி இது, கொஞ்சம் சுருக்கி போடுறேன். "பையனுக்கு 9 வயசு, பொண்ணுக்கு 6. பக்கம் பூரா பெரிய பெரிய படம், அந்த படத்துக்குள்ளயே துப்பு ஒளிச்சு வச்சிருப்பாங்க, கடைசில திருடன் யாருன்னு நாம கண்டுபிடிக்கணும், அந்த மாதிரி ஒரு புக் கிஃப்டா வந்துச்சு. முதல் நாளே பையன் நேரா பின்னாடி விடைப் பக்கத்துக்கு போய் பாத்துட்டு திருடன் பேர கத்திட்டான், பொண்ணு அழுது புக்க தூக்கி போட்டுட்டா. ரெண்டு பேரையும் சேத்து வச்சு படிக்கிறது எப்படி? அவங்க முழிச்சா நான் சொல்லிக் குடுக்கலாமா? குட்டு உடைஞ்சுபோன புக் இனிமே வேஸ்ட்டா?"

கடைசி கேள்விய முதல்ல முடிச்சிடுறேன், வேஸ்ட்டே இல்ல. உங்க பையனுக்கு தெரிஞ்சது ஒரு பேரு மட்டும்தான். அந்த ஆள்தான் திருடன்னு எப்படி சொல்ற, எந்த பக்கத்துல எந்த மூலைல அது தெரியுது, மத்தவங்க ஏன் இல்லன்னு கேட்டு பாருங்க, முழிப்பான். விடைப் பக்கத்துக்கு ஓடுற பிள்ளைங்க பத்துல ஒம்பது பேரு பேர மட்டும் பாத்துட்டு கீழ இருக்குற விளக்கத்த படிக்கவே மாட்டாங்க, நான் பிள்ளைங்களோட உக்காந்து புக் படிக்க ஆரம்பிச்சு வருஷக்கணக்காச்சு, இதுல மட்டும் மாற்றமே பாத்ததில்ல. அதனால இப்ப விளையாட்ட திருப்பி போடுங்க. பையன் வக்கீல், அந்த ஆள்தான் திருடன்னு அவன் நிரூபிக்கணும். பொண்ணு ஜட்ஜ், தன் கண்ணால படத்துல பாத்தத மட்டும்தான் அவ ஒத்துக்குவா, "விடைல போட்டிருக்கு"ன்னு சொன்னா கேஸ் தள்ளுபடி. இத ஒரு தடவ செஞ்சு பாருங்க, முந்திரிக்கொட்டை மாதிரி கத்துன பையன் பூதக்கண்ணாடிய வச்சுக்கிட்டு முதல் பக்கத்துலேந்து திரும்ப தேடுவான்.

அடுத்த புக்குக்கு விடைப் பக்கங்கள மொத்தமா சேத்து ரெண்டு க்ளிப் போட்டுருங்க, இல்லன்னா ஒரு கவர்ல நுழைச்சிருங்க. இது பிள்ளைய நம்பாம செய்யிற வேலை இல்ல, புக் போடுறவங்களே செஞ்சதுதான், ஆஸ்திரேலியாக்காரர் கிரேம் பேஸ் 1988ல கொண்டுவந்த 'தி லெவன்த் ஹவர்' புக்ல விடைப் பகுதிய சீல் வச்சேதான் வித்தாங்க. பெரியவங்களுக்கே கை ஊறும்.

நீங்களும் விடைய முன்கூட்டியே பாக்காதீங்க. நெறைய பேரு எதிர்மாறா சொல்லுவாங்க, நாம தயாரா இருக்கணும், கைட் பண்ணனும்னு. எனக்கு அதுல உடன்பாடு இல்ல. விடை தெரிஞ்ச ஆளோட மூஞ்சி காட்டிக் குடுத்துரும், பிள்ளை சரியான இடத்துக்கிட்ட போனாலே உங்க புருவம் மேல போகும், அப்புறம் அது படத்த விட்டுட்டு உங்க மூஞ்சிய படிக்க ஆரம்பிச்சிரும். உங்களுக்கும் தெரியாதுன்னா, "அம்மா இங்க பாரேன்"னு அது இழுக்கும்போது நீங்க குனியிற விதமே வேற.

இப்ப சின்னவ விஷயம். ஆறு வயசு பிள்ளை ஒரு பெரிய படத்த பாக்குறதும் நாம பாக்குறதும் ஒண்ணு கிடையாது. 1968ல எலியான் வுர்பியோன்னு ஒரு பிரெஞ்சு உளவியல் ஆய்வாளர் ஒரு ஆராய்ச்சி செஞ்சாங்க, ரெண்டு வீட்டோட படம், ஒவ்வொரு வீட்லயும் ஆறு ஜன்னல், ரெண்டு வீடும் ஒண்ணா வேறயான்னு பிள்ளைங்ககிட்ட கேட்டுட்டு கண்ணு எங்கெங்க போகுதுன்னு பதிவு பண்ணாங்க. பெரிய பிள்ளைங்க இந்த ஜன்னல், அதுக்கு நேரான அந்த ஜன்னல்னு ஜோடி ஜோடியா பாத்தாங்க, சின்னதுங்க ஏதோ சில ஜன்னல மட்டும் பாத்துட்டு "ஒண்ணுதான்"னு சொல்லிருச்சுங்க, மிச்ச ஜன்னல் பக்கம் போகவே இல்ல. அதனால "நல்லா பாரு, நல்லா பாரு"ன்னு நாம சொல்லிக்கிட்டே இருக்குறதுல பிரயோஜனம் இல்ல, அது நல்லாத்தான் பாக்குது, ஆனா வரிசையா பாக்கணும்ங்கிறது அந்த வயசுக்கு இன்னும் முழுசா வரல. ரெண்டு காகிதப் பட்டைய வெட்டி படத்து மேல குறுக்கும் நெடுக்குமா வச்சு நாலு கட்டமாக்கிருங்க. ஒரு நேரத்துக்கு ஒரு கட்டம். அந்த கட்டத்துல இருக்குற பொருளெல்லாம் வாய்விட்டு சொல்லிட்டுதான் அடுத்த கட்டம். இவ்ளோதான் டெக்னிக், இதுக்கு மேல ஒண்ணும் வேண்டாம்.

சின்னவங்களுக்கு இன்னொரு பலம் இருக்கு, நிறைய பேரு கவனிக்கிறதில்ல. படிக்கத் தெரிஞ்ச பிள்ளை எழுத்துக்கு ஓடிரும், முழுசா படிக்கத் தெரியாத பிள்ளை படத்துலயே நிக்கும். ஒரு தடவ நானே வரைஞ்ச ஒரு பக்கத்த வச்சு ஒரு அண்ணன் தங்கச்சிகிட்ட விளையாடினேன். ஒரு ஹால், பறவைக்கூண்டு திறந்து கிடக்கு, கிளிய காணோம். எதிர் சுவர்ல ஒரு கண்ணாடி, அதுக்குள்ள ஒரு கடிகாரம் தெரியுது, முள்ளு 7:50 காட்டுது. கதவுகிட்ட மூணு குடை. கீழ எழுத்துல மூணு பேரு வாக்குமூலம், அதுல ஒரு மாமா சொல்றாரு, "நான் மழை வர்றதுக்கு முன்னாடியே வந்து மாடில தூங்கிட்டேன்"னு. அண்ணன் மூணு வாக்குமூலத்தையும் கடகடன்னு படிச்சான், படிச்சிட்டு ஏழு அம்பதுக்கு யாரு எங்க இருந்தாங்கன்னு கணக்கு போட்டு தோட்டக்காரர்தான்னு சொல்லிட்டான். தங்கச்சி ரொம்ப நேரம் குடைங்களையே பாத்துக்கிட்டு இருந்தா, அப்புறம் மெதுவா, "இந்த குடை மட்டும் அழுதிருக்கு" அப்படின்னா. மாமாவோட குடைக்கு கீழ குட்டியா ஒரு தண்ணி வட்டம் வரைஞ்சிருந்தேன். மழைக்கு முன்னாடியே வந்தவரு குடை எப்படி நனையும்? அண்ணன் அப்படியே வாயடைச்சு போயிட்டான். அப்புறம் கடிகாரத்த திரும்ப பாக்க சொன்னேன், நிஜக் கடிகாரத்த ஒரு கண்ணாடி முன்னாடி பிடிச்சு காட்டினதும்தான் புரிஞ்சுது, கண்ணாடிக்குள்ள 7:50ன்னா வெளிய மணி 4:10. தோட்டக்காரர் தப்பிச்சாரு.

அதனால வேலைய பிரிச்சு குடுங்க. சின்னவ கண்ணு, பெரியவன் நோட்டு. அவ பாத்தத சொல்லுவா, அவன் எழுதுவான், சந்தேகப்படுறவங்க பேர மேல வரிசையா போட்டு, துப்ப எல்லாம் பக்கவாட்டுல போட்டு ஒரு கட்டம் கிழிச்சா, யாருக்கு எது பொருந்தலயோ அங்க ஒரு பெருக்கல் குறி. ஒரு ரூல் மட்டும் கறாரா வைங்க, படத்துலேந்து ரெண்டு ஆதாரம் காட்டாம யாரும் யாரையும் திருடன்னு சொல்லக்கூடாது. அவனோட வேகத்துக்கு இந்த ரூல்தான் கடிவாளம், நீங்க அதட்ட வேண்டிய வேலை இருக்காது. தப்பா ஒருத்தர சொன்னாங்கன்னா உடனே திருத்தாதீங்க, நோட்ல எழுதிட்டு அடுத்த பக்கம் போங்க, நல்ல புக்கா இருந்தா அந்த ஆள் இல்லன்னு புக்கே எங்கயாவது சொல்லிரும். ஆள கொழப்புறதுக்குன்னே போடுற டம்மி துப்பு இதுல எப்பவும் இருக்கும், அதுல ஏமாறுறதும் சுகம்தான்.

முழிச்சா சொல்லிக் குடுக்கலாமான்னு கேட்டீங்க. சொல்லலாம், ஆனா கொஞ்சம் கொஞ்சமா. முதல்ல எந்த பக்கம்னு மட்டும். அஞ்சு நிமிஷம் விடுங்க. அதுக்கப்புறம் எந்த கட்டம்னு. அப்பவும் வரலன்னா எந்த மாதிரி பொருள்னு, செருப்பா கடிகாரமா ஜன்னலான்னு. பொருளையே விரல வச்சு காட்டுறது கடைசி. கண்டுபிடிச்சிட்டாங்கன்னா அடுத்த துப்புக்கு திரும்ப முதல் படிக்கே வந்துருங்க. டேவிட் வுட், ஜெரோம் ப்ரூனர், கெயில் ராஸ்னு மூணு உளவியல் ஆய்வாளருங்க 1976ல 3, 4, 5 வயசு பிள்ளைங்க மரக்கட்டைய வச்சு பிரமிட் கட்டுறத பாத்து எழுதினப்ப, பெரியவங்க தர்ற இந்த மாதிரி உதவிக்கு கட்டடத்துக்கு கட்டுற சாரத்த உவமையா சொன்னாங்க. சுவர் நின்னதும் சாரத்த பிரிச்சிரணும். நம்ம ஆளுங்க சாரத்துலயே குடியிருப்போம்.

விடைய நீங்க பாக்கலன்னா எப்படி பக்கம் சொல்றதுன்னு கேப்பீங்க. பிள்ளைங்க தூங்கினப்புறம் நீங்களே தனியா உக்காந்து தேடுங்க, க்ளிப்ப கழட்டாம. உங்களுக்கு கெடைச்சது வரைக்கும் குறிப்பு குடுங்க, கெடைக்காததுக்கு சேர்ந்து முழிங்க.

என்னத்த தேடுறதுன்னே தெரியலன்னா சில இடம் சொல்றேன். படத்துல இருக்குறவங்க கண்ணு எங்க பாக்குது, விரல் எங்க காட்டுது, நிழல் எந்த பக்கம் விழுது, கண்ணாடி, கடிகாரம், ஷூ அடில மண்ணு, அப்புறம் முக்கியமா படத்த சுத்தி இருக்குற பார்டர். 1979ல இங்கிலாந்துல கிட் வில்லியம்ஸ் போட்ட 'மாஸ்கரேட்' புக்ல ஒவ்வொரு படத்தையும் சுத்தி பார்டர்ல எழுத்து இருக்கும், படத்துல இருக்குற உயிருங்களோட கண்ணுலேந்து விரல் நுனி வழியா கோடு போட்டா அது பார்டர்ல ஒரு எழுத்துல போய் முட்டும், அந்த எழுத்தெல்லாம் கோத்தா ஒரு தங்க முயல் புதைஞ்சிருக்குற இடம் வரும். நிஜமாவே புதைச்சு வச்சிருந்தாரு. 1982 வரைக்கும் யாரும் தோண்டி எடுக்கல. சனங்க அதுக்குள்ள ஊரு பூரா தோண்டிட்டாங்க. அந்த லெவல் கஷ்டம் பிள்ளைங்களுக்கு தேவையே இல்ல, ஆனா பார்டர பாக்குற பழக்கம் தேவை.

ரகசிய எழுத்து வர்ற புக்குன்னா ஒரு சின்ன சிக்கல் இருக்கு. அது இங்கிலீஷ் எழுத்துல Aக்கு 1, Bக்கு 2ன்னு நம்பர் போட்ட ரகசியக் குறியீடா இருந்தா ஆறு வயசு பிள்ளைக்கு அந்த வரிசை இன்னும் பழகியிருக்காது. தமிழ்லயே ஒண்ணு சொல்லிக் குடுத்துட்டு அப்புறம் அங்க போங்க. மெய்யெழுத்துக்கு 1லேந்து 18, உயிரெழுத்துக்கு 1லேந்து 12. பூ-ன்னா ப் ஒம்பதாவது, ஊ ஆறாவது, அதனால 9-6. னை-ன்னா 18-9. ஆக பூனை 9-6, 18-9. வெறும் மெய்யா இருந்தா ரெண்டாவது நம்பர் 0, தனி உயிரா இருந்தா முதல் நம்பர் 0. கிளி என்னன்னு நீங்களே போட்டு பாருங்க. பெரியவன் இந்த குறியீட்ட புடிச்சுக்கிட்டான்னா வீட்ல ஒரு வாரத்துக்கு பேச்சே நம்பர்லதான், அதுக்கு நான் பொறுப்பில்ல.

வயசு பத்தி ஒரு வார்த்தை. நாலு வயசுக்கு கீழ இருக்குற பிள்ளைக்கு தேடுற படம் போதும், திருடன் கதை வேண்டாம், ஏன்னா எனக்கு தெரிஞ்சது அவனுக்கு தெரியாம இருக்கலாம்ங்கிற விஷயமே அந்த வயசுல பிடிபடாது, அது புரியாம பொய் வாக்குமூலம் எப்படி புரியும். உங்க பொண்ணுக்கு 6, தாராளமா புரியும். கொலை வேண்டாம், காணாம போன பொருள் போதும். இன்னொண்ணு, சிவப்பு பச்சை வித்தியாசத்துல இருக்குற துப்ப ஒரு பிள்ளை திரும்ப திரும்ப கோட்டை விட்டா கவனக்குறைவுன்னு திட்டாதீங்க, நிறக்குருடா இருக்கலாம், ஆம்பளப் பிள்ளைங்ககிட்ட இது அதிகம், ஒரு கண் டாக்டர்கிட்ட காட்டிருங்க.

ராத்திரி தூங்குறதுக்கு முன்னாடி இந்த புக்க எடுக்காதீங்க, கதை கேட்டா தூங்கும், புதிர் கேட்டா எந்திரிச்சு உக்காரும். பகல் வெளிச்சத்துல, தரைல விரிச்சு, ரெண்டு தலையும் ஒரே பக்கத்துல இருக்குற மாதிரி, எதிர் எதிரா உக்காந்தா ஒருத்தருக்கு படம் தலைகீழா தெரியும், சண்டை அங்கேந்துதான் ஆரம்பிக்கும். ஒரு தடவைக்கு ரெண்டு பக்கம் போதும், அரை மணி நேரத்துக்கு மேல வேண்டாம். லைப்ரரி புக்குன்னா மேல ட்ரேசிங் பேப்பர் வச்சு குறி போடுங்க. போன்ல போட்டோ எடுத்து பெருசாக்கி பாக்குறது எனக்கு பிடிக்காது, குடை பெருசா தெரியும், ஆனா அது யாரோட பொருளுக்கு பக்கத்துல இருக்குன்னு தெரியாது.

புக் முடிஞ்சதும் சின்னவகிட்ட ஒரு வெள்ளை பேப்பர குடுத்து, ஒரு ரூம வரைஞ்சு ஒரே ஒரு பொருள காணாம ஆக்க சொல்லுங்க, அத யாரு எடுத்தாங்கன்னு படத்துல எங்கயாவது ஒரு துப்பு வைக்க சொல்லுங்க. விடைய பின்பக்கம் எழுதி, மடிச்சு, அவளே ஒட்டட்டும். அண்ணன் கண்டுபிடிக்கட்டும், க்ளிப் சாவி இந்த தடவ அவகிட்ட.