வாசல் வரைக்கும் பார்க்கலாம்! – வாசகர் கேள்வி பதில்

பழைய குடியிருப்புத் தெருக்களை கைடு கூட்டிட்டுப் போய் காட்டுற நடைப் பயணம் பத்தி போன இதழ்ல ரெண்டு வரிதான் எழுதினேன், அதுக்கு இவ்ளோ கேள்வி வரும்னு எதிர்பார்க்கல. ஒரே மாதிரி இருந்ததை எல்லாம் சேர்த்து வெச்சுட்டு பதில் எழுதியிருக்கேன்.

கேள்வி: கோட்டை, அரண்மனைன்னா சரி. யாரோ குடியிருக்கிற வீட்டை வெளியில நின்னு பார்க்கிறதுக்கு எதுக்கு சார் கைடு? மேப்பை ஆன் பண்ணிட்டு நாமளே நடந்துடலாமே?

தாராளமா நடக்கலாம், யாரும் தடுக்கப் போறதில்ல. ஆனா வீடுங்கறது கோட்டை மாதிரி தன்னைப் பத்தி போர்டு வெச்சுக்காது. ஆம்ஸ்டர்டாம் கால்வாய் ஓரத்து வீடுகளைப் பார்த்தீங்கன்னா நிறைய வீட்டோட முகப்பு தெருப் பக்கம் லேசா சாஞ்சு நிக்கும், உச்சியில ஒரு உத்தரம் கொக்கியோட நீட்டிட்டு இருக்கும். அஸ்திவாரம் இறங்கி சாஞ்ச வீடுகளும் அங்க உண்டுதான், ஆனா நிறைய வீடு வேணும்னே அப்படி கட்டினது. உள்ள படிக்கட்டு ரொம்ப குறுகல், சரக்கையும் சாமானையும் கயிறு கட்டி வெளிப்பக்கமாத்தான் தூக்கணும், சுவர் நேரா இருந்தா தூக்குற மூட்டை ஜன்னல்ல இடிச்சுக்கிட்டே போகும். இதைத் தெரிஞ்சுக்கிட்டு பார்த்தா அந்தத் தெரு முழுக்க வியாபாரிங்க வீடும் குடோனும் ஒண்ணா இருந்த காலம் கண்ணுக்குத் தெரியும், தெரியாம பார்த்தா அழகான போட்டோ, அவ்ளோதான்.

இதே மாதிரி இங்கிலாந்துல லண்டன், பாத் ஊர்கள்ல பழைய வீட்டு வாசல்ல தீப்பந்தம் அணைக்கிற இரும்புக் கூம்பு இருக்கும். தெருவிளக்கு சரியா இல்லாத காலத்துல பந்தம் பிடிச்சுட்டு வழிகாட்டி வந்த பையன் வீடு வந்ததும் பந்தத்தை அதுக்குள்ள செருகி அணைப்பான். படி ஓரத்துல தரையோட ஒட்டி ஒரு சின்ன இரும்புத் தகடு நிக்கும், அது பூட்ஸ்ல ஒட்டின சேறை சுரண்ட, குதிரை வண்டி ஓடின தெருவுல அது வெறும் சேறு மட்டும் இல்லன்னு நான் சொல்ல வேண்டியதில்ல. நடைபாதையில சின்னதா வட்டமா இரும்பு மூடி இருந்தா அது பெரும்பாலும் சாக்கடை மூடி இல்ல, நிலவறைக்குள்ள நிலக்கரி கொட்டுற ஓட்டை, கரி சுமக்கிறவர் வீட்டுக்குள்ள வந்து தரையை அழுக்காக்காம இருக்க பண்ணின ஏற்பாடு. அமெரிக்காவுல சார்ல்ஸ்டன் ஊர்ல சுவத்துல நட்சத்திரம், சிங்க முகம்னு இரும்பு வில்லைகள் இருக்கும், பலர் அலங்காரம்னு நினைச்சுட்டு போயிடுவாங்க, 1886ல வந்த பெரிய பூகம்பத்துக்கு அப்புறம் விரிசல் விட்ட சுவர்களை வீட்டுக்கு குறுக்கால இரும்புக் கம்பி விட்டு இழுத்துக் கட்டினாங்க, அந்தக் கம்பியோட நுனிதான் அது. இதெல்லாம் மேப்ல வராது.

கேள்வி: கைடு சொல்ற கதையை எவ்ளோ தூரம் நம்பலாம்? போன எல்லா டூர்லயும் ஒரு பேய், ஒரு சுரங்கப்பாதை, ஒரு காதல் தோல்வி கட்டாயம் வருது.

ஹா ஹா, பேய்க்கு ரசீது கேட்க முடியாது, அதை விட்டுடுங்க. எனக்கு பயம் பேயை விட, நம்புற மாதிரியே இருக்கிற கதைங்கமேலதான். இங்கிலாந்துல ஜன்னல் வரி கதையை எடுத்துக்கோங்க. வரி நிஜம், 1696ல வந்து 1851 வரைக்கும் இருந்துச்சு. அதுக்கு முன்னாடி அடுப்புக்கு வரி போட்டாங்க, அதை எண்ண அதிகாரி வீட்டுக்குள்ள வரணும், ஜனங்களுக்கு அது சுத்தமா பிடிக்கல, 1689ல எடுத்துட்டாங்க. ஜன்னல்னா தெருவுல நின்னே எண்ணிடலாம், அதான் சௌகரியம். வரிக்கு பயந்து ஜன்னலை செங்கல் வெச்சு அடைச்சதும் உண்மை. ஆனா அடைச்ச ஜன்னல் எதைப் பார்த்தாலும் கைடு உடனே "ஜன்னல் வரி!"ன்னு கை காட்டுவார் பாருங்க, அங்கதான் இடிக்குது. நிறைய வீட்டுல ரெண்டு பக்கமும் சமமா தெரியணும்னு கட்டும்போதே பொய் ஜன்னல் வெச்சிருக்காங்க, பின்னாடி புகைபோக்கி போறதால நிஜ ஜன்னல் வைக்க முடியாத இடமா கூட இருக்கும். கிட்டப் போய்ப் பார்த்தா கொஞ்சம் பிடிபடும், அடைச்ச செங்கலும் சுண்ணாம்பும் சுத்தி இருக்கிற சுவரோட நிறத்துல ஒட்டாம இருந்தா பிற்பாடு அடைச்சிருக்க வாய்ப்பு அதிகம், சுவரோட சுவரா ஒரே சீரா போச்சுன்னா ஆரம்பத்துலயே அப்படித்தான். வீடே 1851க்கு அப்புறம் கட்டினதுன்னா ஜன்னல் வரிங்கற பேச்சுக்கே இடமில்ல.

இன்னொண்ணு, 1666 லண்டன் பெருந்தீக்கு அப்புறம் இன்சூரன்ஸ் கம்பெனிங்க வந்து, பணம் கட்டின வீட்டு முகப்புல தகடு அடிச்சு வெச்சாங்க, தீயணைக்க சொந்த ஆட்களையும் வெச்சிருந்தாங்க. இது வரைக்கும் சரி. தகடு இல்லாத வீடு எரிஞ்சா கையைக் கட்டிட்டு வேடிக்கை பார்த்தாங்கங்கிற வால் மட்டும் வரலாறு படிச்சவங்க ஒத்துக்க மாட்டாங்க, அதுக்கு சரியான ஆதாரம் இல்ல. பக்கத்து வீடு எரிஞ்சா தன் கஸ்டமர் வீட்டுக்கும் தானே பரவும், யோசிச்சாலே தெரியும்.

அதனால நீங்க பண்ண வேண்டியது ஒண்ணே ஒண்ணு, "இது எதுல இருந்து தெரிஞ்சுது?"ன்னு சிரிச்ச முகமா கேளுங்க. நல்ல கைடுக்கு இந்தக் கேள்வி ரொம்பப் பிடிக்கும், பத்திரம், பழைய போட்டோ, கணக்கெடுப்புன்னு ஆரம்பிச்சு நிறுத்தவே மாட்டார், தெரியலன்னா தெரியலன்னு சொல்வார். முகம் சுளிக்கிறவர்கிட்ட கதையை கதையா கேட்டுட்டு வந்துடுங்க.

கேள்வி: எல்லா டூர்லயும் பங்களா முதலாளி, அவர் பொண்டாட்டி, அவர் வாங்கின சரவிளக்கு. வேலைக்காரங்களைப் பத்தி யாருமே பேசறதில்லையே?

சரியான இடத்துல கை வெச்சுட்டீங்க. என்னைக் கேட்டா ஒரு பழைய தெருவோட உண்மையான கதை பின்பக்கத்துலதான் இருக்கு. சார்ல்ஸ்டன்லயே அந்த அழகான வீடுகளோட செங்கல் சிலதுல விரல் பதிஞ்ச தடம் இருக்கு, அடிமையா வெச்சிருந்த ஆட்கள், அதுல குழந்தைங்களும் உண்டு, ஈர மண்ணை அச்சுல இருந்து எடுத்து காய வெச்சப்ப விழுந்தது. அங்க ஏக்கன்-ரெட் ஹவுஸ்னு ஒரு வீட்டுல பின்பக்கம் அவங்களை தங்க வெச்சிருந்த அறைகளையும் காட்டுறாங்க. சரவிளக்கை முதல்ல பார்த்துட்டு அதை அப்புறம் பார்த்தா சரவிளக்கு வேற மாதிரி தெரியும்.

நியூயார்க்ல இதுக்கு நேர் எதிர் பக்கத்துல இருந்து ஆரம்பிச்சாங்க. ஆர்ச்சர்ட் தெரு 97ம் நம்பர், 1863ல கட்டின வாடகைக் குடியிருப்பு, 1935 வரைக்கும் கிட்டத்தட்ட 7,000 பேர் அங்க குடியிருந்திருக்காங்க, எல்லாரும் உழைக்கும் ஜனங்க, பல நாட்டுல இருந்து வந்தவங்க. 1988ல அதை ம்யூசியமா ஆக்கினாங்க, குறிப்பிட்ட குடும்பங்களோட கதையை அவங்க இருந்த அறையிலயே சொல்றாங்க, சுத்தி இருக்கிற தெருக்களுக்கு நடைப் பயணமும் உண்டு. புக் பண்றதுக்கு முன்னாடி டூர் விவரத்தைப் படிச்சுப் பாருங்க, முழுக்க கட்டிடக்கலை பேரும் பணக்காரங்க பேருமா இருந்தா அப்படித்தான் இருக்கும். மத்தபடி நடக்கும்போது கேளுங்க: சமையல் எங்க பண்ணாங்க, தண்ணி யார் தூக்கினாங்க, துணி எங்க காயப் போட்டாங்க, வேலைக்காரங்க எந்த வழியா உள்ள வந்தாங்க. இந்த நாலு கேள்வில டூரே திசை மாறிடும்.

கேள்வி: "ஃப்ரீ வாக்கிங் டூர்"ங்கறாங்க, நிஜமாவே ஃப்ரீயா?

இல்லீங்க. கடைசில உங்க இஷ்டத்துக்கு கைடு கையில குடுக்கணும், அதுதான் அவர் சம்பளம். பல இடத்துல வந்த தலைக்கு இவ்ளோன்னு அந்த கைடே கம்பெனிக்கு கட்டணும், அதனால முடியறதுக்கு அஞ்சு நிமிஷம் முன்னாடி நைசா நழுவுற ஆளால அவருக்கு வரவு இல்லைங்கிறது மட்டும் இல்ல, கைக்காசும் போகுது. பாதில கிளம்பணும்னா கிட்டப் போய் சொல்லிட்டு, குடுக்க வேண்டியதை குடுத்துட்டு கிளம்புங்க. பதிவு பண்ணிட்டு வராம இருக்கிறதும் இதே கதைதான், ரத்து பண்ண ஒரு நிமிஷம் ஆகுமா?

கேள்வி: அம்மாவுக்கு முழங்கால் வலி. கூட்டிட்டுப் போகலாமா?

போகலாம், ஆனா "எவ்ளோ தூரம்"னு மட்டும் கேட்டுட்டு நிறுத்திடாதீங்க. இந்த டூர்ல நடக்கிறதை விட நிக்கிறதுதான் அதிகம், முழங்காலுக்கு அதுதான் வில்லன். உட்கார இடம் இருக்கா, தரை உருளைக்கல் பாவினதா, படி உண்டா, பாதியில டாய்லெட் உண்டா, பாதியிலயே முடிச்சுக்கிட்டா திரும்ப வண்டி கிடைக்குமா, இத்தனையும் முன்னாடியே கேளுங்க. மடக்கு ஸ்டூல் ஒண்ணு கையோட எடுத்துட்டுப் போங்க. காலை முதல் டூர் நல்லது, கூட்டமும் வெயிலும் கம்மி. கைடு பக்கத்துலயே அம்மாவை நிக்க வைங்க, காதும் கேட்கும், அவர் வேகமும் தானா குறையும்.

கேள்வி: நீங்க டூர் போறவங்க பக்கமே பேசறீங்க. நாங்க அந்த மாதிரி தெருவுல குடியிருக்கோம். காலைல கதவைத் திறந்தா முப்பது பேர் நிக்கிறாங்க, ஒருத்தர் எங்க ஜன்னலுக்குள்ள எட்டிப் பார்த்து போட்டோ எடுக்கிறார்.

உங்க கோபம் நியாயமானது, உலகம் முழுக்க இதே புகார்தான். சியோல்ல புக்சோன்னு மரபு வீடுகள் இருக்கிற பகுதி, ஜனங்க இன்னும் அங்க குடியிருக்காங்க, கூட்டம் தாங்காம ஒரு பகுதிக்கு சுற்றுலா நேரம் காலை 10 மணியில இருந்து சாயங்காலம் 5 மணி வரைக்கும்தான்னு வெச்சுட்டாங்க, 2025 மார்ச்ல இருந்து மீறினா 1,00,000 வோன் அபராதம். கியோட்டோவுல கியோன் பகுதியில தனியாருக்கு சொந்தமான சந்துகளுக்குள்ள 2024ல இருந்து சுற்றுலாக்காரங்க போகக்கூடாது. வெனிஸ்ல அதே வருஷம் ஒரு குழுவுக்கு 25 பேர்தான்னு கட்டுப்பாடு, ஒலிபெருக்கிக்கும் தடை. ஆம்ஸ்டர்டாம் மையப்பகுதியில 15 பேர்தான்.

ஊர் நிர்வாகம் சட்டம் போடற வரைக்கும் காத்திருக்க வேணாம். உங்க தெருக்காரங்க சேர்ந்து டூர் நடத்துறவங்ககிட்ட நேரா பேசுங்க: எந்த மணிக்கு, எத்தனை பேர், எந்த இடத்துல நிக்கலாம். வாசப்படிக்கு நேரா நிக்காம எதிர்ப்பக்கம் நின்னு பேசினாலே பாதி சத்தம் குறையும். அவங்களுக்கும் உங்க தயவு வேணும், ஒத்துப்பாங்க. டூர் போறவங்களுக்கு: வீட்டோட முகப்பை எடுங்க, ஜன்னலுக்குள்ள எடுக்காதீங்க, காயிற துணியை எடுக்காதீங்க, குழந்தைங்களை எடுக்கவே எடுக்காதீங்க. கேட் திறந்து கிடந்தா அது உங்களுக்காக திறந்ததில்ல.

கேள்வி: எங்க தெருவும் பழசுதான். ஆனா எந்த டூரும் வர்றதில்ல. நானே நடத்தலாமா, லைசென்ஸ் வேணுமா?

காசு வாங்கினா சில ஊர்ல அனுமதி தேவைப்படும், விசாரிச்சுக்கோங்க. ஃப்ரீயா அக்கம்பக்கத்துக்காரங்களுக்கு நடத்துறதுன்னா ஜேன்ஸ் வாக்ங்கற நடைப் பயண ஏற்பாட்டைப் பத்தி தெரிஞ்சுக்கோங்க. ஊர் எப்படி உயிரோட இருக்குன்னு வாழ்க்கை முழுக்க எழுதின ஜேன் ஜேக்கப்ஸ் 2006ல இறந்தப்புறம், அவங்க நினைவா நண்பர்கள் 2007ல டொரண்டோவுல ஆரம்பிச்சாங்க. வருஷா வருஷம் மே மாசம் முதல் வார இறுதியில பல நாட்டுல நடக்குது, நடத்துறவங்க சாதாரண தெருக்காரங்கதான், பட்டம் எதுவும் கேட்கறதில்ல.

ஒன்றரை மணி நேரத்துக்கு மேல இழுக்காதீங்க, ஏழெட்டு இடம் போதும். நீங்க மட்டும் பேசாம, தெருவுல ரொம்ப காலமா இருக்கிற வயசானவங்க ரெண்டு பேரை அவங்கவங்க வாசல்ல நின்னு பேச வைங்க. சொத்துப் பத்திரம், வாக்காளர் பட்டியல், குடும்ப ஆல்பம்னு கிடைச்சதை நகல் எடுத்து கையில வெச்சுக்கோங்க, "இதே இடத்துல அப்போ"ன்னு பழைய போட்டோவை தூக்கிக் காட்டினா கூட்டம் தானா பக்கத்துல வரும். யார் வீட்டு முன்னாடி நிக்கப் போறீங்களோ அவங்ககிட்ட ஒரு வாரம் முன்னாடியே கேட்டுடுங்க. வேணாம்னு சொன்ன வீட்டை லிஸ்ட்ல இருந்து எடுத்துடுங்க, அந்த வீட்டுக் கதை எவ்ளோ சுவாரஸ்யமா இருந்தாலும் சரி.