செம்பருத்திக்கு ஊற்றிய பால்

அன்புள்ள மேடம்,

எனக்கு 31 வயது. நாகர்கோவில் பக்கம். பெண் குழந்தைகள் இருவர். மூத்தவளுக்கு ஏழு, சின்னவளுக்கு மூன்று. இரண்டுமே சிசேரியன். அடுத்தது பையனாகப் பிறக்க வேண்டும் என்று மாமியார் தினமும் காலையில் ஏதோ நாட்டு மருந்துப் பொடியைப் பாலில் கலக்கித் தருகிறார். வாங்கிக்கொண்டு போய்க் கொல்லையில் நிற்கும் செம்பருத்திக்கு ஊற்றிவிடுகிறேன்.

எனக்கு இன்னொரு குழந்தை வேண்டாம். சின்னவள் பிறந்தபோதே குடும்பக்கட்டுப்பாடு ஆபரேஷன் செய்யச் சொன்னேன். கணவர் கையெழுத்து வேண்டும் என்றார்கள், அவர் போடவில்லை. "ஒரு பையன் பிறக்கட்டும், அப்புறம் உன் இஷ்டம்" என்கிறார். பெண்கள் மார்பை மறைத்து உடுத்தும் உரிமைக்காக நடந்த தோள்சீலைப் போராட்டம் பற்றி ஊர்க் கூட்டத்தில் மைக் பிடித்து முழங்குகிறவரும் அவர்தான். ஒரு மாதமாகத் தனியாகப் படுக்கிறேன். பெற்ற அம்மாவே பிடிவாதக்காரி என்கிறார். நான் செய்வது தப்பா?

– பெயர் வேண்டாம்

அன்புச் சகோதரிக்கு,

தப்பில்லை. முதலில் அந்தக் கையெழுத்து விஷயம். அரசு விதிமுறைப்படி இந்த ஆபரேஷனுக்குக் கணவரின் சம்மதம் தேவையே இல்லை, உங்கள் கையெழுத்து போதும். உங்கள் வயதும் குழந்தைகளின் வயதும் விதிக்கு உட்பட்டவைதான். நிரந்தரமாகச் செய்துகொள்ளத் தயக்கம் இருந்தால் காப்பர் டி இருக்கிறது. அரசு ஆஸ்பத்திரியில் இலவசம், 10 ஆண்டு வரை தாங்கும்.

தோள்சீலை என்றதும் ஒன்று நினைவுக்கு வந்தது. 1859-இல் திருவிதாங்கூர் அரசர், நாடார் பெண்கள் மார்பை மறைத்துக்கொள்ளலாம் என்று அனுமதித்தார். ஆனால் உயர்சாதிப் பெண்களைப் போல உடுத்தக் கூடாது என்ற நிபந்தனையோடு. "பையன் பிறக்கட்டும், அப்புறம்" என்பதும் அதே ரகம்தான். உங்கள் கணவருக்கு அந்த வரலாறு தெரிந்திருக்குமே, கேட்டுப் பாருங்கள்.

ஆணா பெண்ணா என்பதை முடிவு செய்வது ஆணின் விந்தணு. இருந்தாலும் அதை வைத்து வாதாடாதீர்கள். பெண்ணின் கருமுட்டையே முடிவு செய்வதாக இருந்தாலும், மூன்றாவது முறை கத்தி படப்போவது உங்கள் வயிற்றில்தானே?

பாலைக் கொட்டுவதால் வரும் குற்ற உணர்ச்சி, பொய் சொல்ல வேண்டியிருப்பதால் வருவது. அடி, மிரட்டல் பயம் இல்லை என்றால் நாளை டம்ளரை வாங்காதீர்கள். "வேண்டாம் அத்தை, எனக்கு இன்னொரு பிள்ளை வேண்டாம்" என்று சொல்லுங்கள். குரலை உயர்த்தக்கூட வேண்டாம். பயம் இருந்தால், அல்லது படுக்கையில் வற்புறுத்தல் நடந்தால், அது 2005-ஆம் ஆண்டு குடும்ப வன்முறைச் சட்டத்தில் வரும். மகளிர் உதவி எண் 181-ஐ அழையுங்கள்.

ஆஸ்பத்திரிக்கு அம்மாவைக் கூட்டிக்கொண்டு போங்கள். திட்டிக்கொண்டேயாவது வருவார்.