குறியீட்டை மாற்றி வாங்கப் போகாதீர்கள்

பல்லடம் பக்கம் விசைத்தறி ஓட்டும் வாசகர் நான்கு பக்கம் எழுதியிருக்கிறார். சாரம் இது: தறிக்குடோனில் பாவு பீமை, அதாவது பாவு நூல் சுற்றிய கனமான உருளையை, தூக்கும்போது இடுப்பு பிடித்துக்கொண்டது. கோவையில் ஓர் ஆஸ்பத்திரியில் நான்கு நாள் படுக்கை, எம்ஆர்ஐ, முதுகில் ஊசி. பில் 1,62,000 ரூபாய். மெடிக்கல் இன்சூரன்ஸ் பாலிசி எடுத்து 14 மாதம்தான் ஆகிறது. ‘ஜவ்வு விலகலுக்கு 24 மாதக் காத்திருப்பு’, அதற்குள் பணம் கிடையாது என்று கம்பெனியில் கிளைமை நிராகரித்துவிட்டார்கள். டிஸ்சார்ஜ் சம்மரியில் நோய்க் குறியீட்டை எம் 54.5 என்று போட்டதுதான் வினை, எஸ் 33.5 என்று மாற்றித் தர ஆஸ்பத்திரியில் சம்மதித்துவிட்டார்கள், வாங்கிக்கொண்டு கேஸ் போடலாமா என்று கேட்கிறார்.

ஏஜெண்ட் ‘எல்லாம் கவர் ஆயிருமுங்க’ என்று சொன்னது, கம்பெனிக்காகக் கிளைமைக் கவனிக்கும் டிபிஏ நிறுவனத்துப் பெண் பாதியில் போனை வைத்தது, பில்லிங் கவுண்டரில் மூன்று மணி நேரம் உட்கார வைத்தது என்று இரண்டரைப் பக்கம் போயிருக்கிறது. கோபம் நியாயம்தான். வழக்குக்கு நயா பைசா பிரயோஜனம் இல்லை.

நீங்கள் அனுப்பிய பாலிசியில் காத்திருப்புப் பட்டியலை இன்னொரு முறை படியுங்கள். ஜவ்வு விலகல் என்ற வரியின் வாலில் ‘விபத்தால் ஏற்பட்டது தவிர’ என்று இருக்கிறது. உங்கள் வழக்கே அந்த வால்தான். விபத்து என்றால் என்ன என்பதும் அதே பாலிசியில் இருக்கிறது: திடீரென, எதிர்பாராமல், வெளியிலிருந்து வந்த விசையால் நடந்தது. பீமைத் தூக்கினேன், வலித்தது என்பது போதாது. பீம் கை நழுவியதா, கால் வழுக்கியதா, கூடப் பிடித்த ஆள் விட்டுவிட்டாரா என்பதுதான் கேள்வி.

குறியீட்டுக்கு வருகிறேன். ஐசிடி-10 என்னும் உலக சுகாதார நிறுவனத்தின் நோய்க் குறியீட்டுப் பட்டியலில் எம் 54.5 என்றால் வெறும் இடுப்பு வலி. ஜவ்வு விலகி வந்த வலி அதில் சேராது, அது எம் 51.2. இடுப்புத் தசைநார் சுளுக்கும் சேராது, அது எஸ் 33.5. எம் வரிசை நோய், எஸ் வரிசை காயம். உங்கள் ஆஸ்பத்திரி இந்த இரண்டில் எதையும் உறுதி செய்யாமல் வலியை மட்டும் எழுதிவிட்டது. எம்ஆர்ஐயில் ஜவ்வு விலகல் இருப்பதைப் பார்த்துக் கம்பெனியே 51.2 ஆகப் படித்துக்கொண்டது. இப்போது எஸ் 33.5 என்று மாற்றினால், சுளுக்குக்கு எதற்கு முதுகுத்தண்டில் ஊசி என்று அடுத்த கேள்வி வரும்.

அதைவிடப் பெரிய ஆபத்து வேறு. சில வருடம் முன்னால் ஈரோட்டிலிருந்து ஒருவர் வந்தார், இதே இடுப்பு வலி, தொண்ணூறாயிரம் கிளைம். என்னிடம் வருவதற்கு முன்பே ஆஸ்பத்திரியில் சொல்லி, பழைய தேதியிலேயே புது டிஸ்சார்ஜ் சம்மரி வாங்கிவிட்டார். கம்பெனியின் விசாரணை ஆள் அதற்கு முன்பே கேஸ் ஷீட்டை நகல் எடுத்துப் போயிருந்தான். விசாரணையில் இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்தார்கள். அதுவரை பணத்தைப் பற்றிய வழக்கு, அன்றிலிருந்து மோசடியைப் பற்றிய வழக்கு. பாலிசி ரத்து. மனைவி, பிள்ளைகளுக்கு இருந்த கவரும் அதோடு போனது. வேறு கம்பெனிக்குப் போனால் விண்ணப்பத்திலேயே ‘முன்பு பாலிசி ரத்தானதா’ என்று கேட்கிறான். நெஞ்சில் கை வைத்துச் சொல்கிறேன், அவருடைய வலி நிஜம். அவர் வாங்கி வந்த காகிதம்தான் பொய்.

உங்கள் கேஸ் ஷீட்டை வரிவரியாகப் பார்த்தேன். ராத்திரி டூட்டி டாக்டர் முதல் பக்கத்தில் ‘ஆறு மாதமாக இடுப்பு வலி, இரண்டு நாளாக அதிகம்’ என்று எழுதியிருக்கிறார். நீங்கள்தான் சொல்லியிருப்பீர்கள். டாக்டர் கேட்டால் ஆறு மாதம் என்று இழுத்துச் சொல்வது நம் ஊர் வழக்கம். மூன்றாம் பக்கத்தில் நர்ஸ் கையெழுத்தில் ‘பீம் நழுவி இடுப்பு இழுத்துக்கொண்டது’ என்று ஒரு வரி. உங்கள் பக்கம் இருக்கும் ஒரே சாட்சி அந்த நீல மை வரிதான். அதற்கு எதிரே ‘ஆறு மாதம்’ உட்கார்ந்திருக்கிறது. ஆறு மாதம் என்பது பாலிசிக்குப் பிந்தியது, அதனால் முன்பே இருந்த நோய் என்று சொல்ல முடியாது. ஆனால் விபத்து இல்லை என்று சொல்ல அந்த வரி தாராளமாகப் போதும்.

ஆகவே இது பாதிக்குப் பாதி வழக்கு. சம்மரியைத் தொடாதீர்கள். சிகிச்சை செய்த டாக்டரிடம், கேஸ் ஷீட்டில் இருப்பதை மட்டும் வைத்து, பீம் நழுவியதற்கும் ஜவ்வு விலகலுக்கும் தொடர்பு உண்டா என்று ஒரு விளக்கக் கடிதம் வாங்குங்கள். என்றைக்குத் தருகிறாரோ அன்றைய தேதி இருக்கட்டும். கூடப் பீம் பிடித்தவரிடமும் எழுதி வாங்குங்கள். பிறகு கம்பெனியின் குறைதீர்ப்புப் பிரிவில் புகார் கொடுத்து ஒரு மாதம் பாருங்கள், அப்புறம் காப்பீட்டுப் புகார்களை விசாரிக்கும் சென்னை காப்பீட்டு ஓம்புட்ஸ்மேன். நிராகரித்த ஒரு வருடத்துக்குள் போங்கள். நுகர்வோர் ஆணையத்தில் முதலில் கேஸ் போட்டுவிட்டால் ஓம்புட்ஸ்மேன் எடுக்கமாட்டார். ஓம்புட்ஸ்மேனிடம் வக்கீலும் கிடையாது, எனக்கு வருமானமும் கிடையாது. இருந்தாலும் அங்கேயே போகச் சொல்கிறேன்.

விசாரணையில் சமரசம் பேசுவார்கள். ஒரு லட்சம் என்றால் வாங்கிவிடுங்கள். எண்பதாயிரம் என்றாலும் வீட்டில் ஒரு வார்த்தை கேட்டுவிட்டு வாங்கிவிடுங்கள்.