சூடு செய்த பிரியாணியும் வாந்தியை உண்டாக்குமா?

குடியாத்தத்திலிருந்து ஒரு வாசகி கேட்கிறார்: "திருமண வீட்டில் மதியம் மிஞ்சிய பிரியாணியை டேக்சாவோடு கொண்டுவந்து, இரவு ஆவி பறக்கச் சூடு செய்துதான் சாப்பிட்டோம். இரண்டு மணி நேரத்தில் எனக்கும் தம்பிக்கும் வாந்தி. அம்மாவுக்கு மறுநாள் காலையில் வயிற்றுப்போக்கு. அக்கா மகனுக்கு மூன்றாம் நாள் காய்ச்சலோடு பேதி. சூட்டில் கிருமி செத்திருக்குமே?"

கிருமி செத்திருக்கலாம்; அது சோற்றில் விட்டுச்சென்ற நச்சு அழிந்திருக்காது. அரிசியில் இயல்பாகவே காணப்படும் பேசில்லஸ் சீரியஸ் என்ற பாக்டீரியாவின் வித்துகள் சமையல் சூட்டைத் தாங்கிக்கொண்டு, சோறு வெளியில் மெல்ல ஆறும்போது முளைத்துப் பெருகி, செரியுலைடு என்ற நச்சை உண்டாக்குகின்றன. 121 டிகிரி செல்சியசில் ஒன்றரை மணி நேரம் வைத்தாலும் சிதையாத அந்த நச்சை வீட்டு அடுப்பால் எதுவும் செய்ய முடியாது. பரிமாறுபவரின் கைப்புண்ணிலிருந்து சேரும் ஸ்டெஃபைலோகாக்கஸ் என்ற பாக்டீரியாவின் நச்சும் இப்படிப்பட்டதே. இவ்விரண்டிலும் பெரும்பாலும் ஆறு மணி நேரத்திற்குள் வாந்தி தொடங்கிவிடும்; காய்ச்சல் அரிது.

உங்கள் அம்மாவுக்கு நேர்ந்தது வேறு வகையாகத் தோன்றுகிறது. பெரிய பாத்திரத்தின் அடியில், காற்றுப் புகாத இறைச்சியில் பெருகும் கிளாஸ்ட்ரிடியம் பெர்ஃபிரின்ஜென்ஸ் என்ற பாக்டீரியா உயிரோடு உள்ளே போய்க் குடலில்தான் நச்சை உண்டாக்குவதால், 6 முதல் 24 மணி நேரம் கழித்தே வயிற்றுவலியும் பேதியும் வரும். மேலே ஆவி பறந்தாலும் நடுப்பகுதி 75 டிகிரியை எட்டாவிட்டால் அது பிழைத்துக்கொள்ளும்.

சிறுவனுக்குச் சால்மொனெல்லா என்ற பாக்டீரியா தொற்றியிருக்கலாம். குடல் சுவரையே தாக்கும் இது, பச்சைக் கோழியை நறுக்கிய பலகையில் பச்சடி வெங்காயத்தை நறுக்கினாலே பரவிவிடும். 6 மணி நேரம் முதல் 6 நாட்களுக்குள் வெளிப்படும். மலப் பரிசோதனைதான் இதை உறுதி செய்யும். காய்ச்சல் என்றதும் டைபாய்டோ என்ற பயம் வரலாம்; ஆனால் அது வெளிப்படப் பொதுவாக ஒன்று முதல் மூன்று வாரங்கள் ஆகும் என்பதால், காய்ச்சல் வந்த அன்றே டைபாய்டுக்கான விடால் என்ற ரத்தப் பரிசோதனைக்கு அவசரப்படுவதில் பயனில்லை.

வேலூர்ப் பக்கத்துச் சித்திரை வெயிலில் சமைத்த உணவு ஒரு மணி நேரத்திற்கு மேல் வெளியில் இருக்கலாகாது. எஞ்சியதை டேக்சாவிலேயே விடாமல், அகன்ற தட்டுகளில் பரப்பி ஆற்றி உடனே குளிர்பதனப் பெட்டியில் வையுங்கள். நோயுற்றவருக்கு ஒரு லிட்டர் உப்பு சர்க்கரைக் கரைசலுக்கான ஓஆர்எஸ் பொட்டலத்தை அளவு மாறாமல் கரைத்துச் சிறிது சிறிதாகக் கொடுங்கள். மருந்துக்கடையில் கேட்டு வாங்கும் ஆன்டிபயாட்டிக்கும், பேதியை நிறுத்தும் மாத்திரையும் அந்தச் சிறுவனுக்கு வேண்டாம். மலத்தில் ரத்தம் கண்டாலோ, சிறுநீர் குறைந்தாலோ, அவன் சோர்ந்து கிடந்தாலோ தாமதிக்காமல் மருத்துவமனைக்கு அழைத்துச் செல்லுங்கள்.